வெள்ளைக்காரப் பேயுடன் தூத்துக்குடிக்கு

தூத்துக்குடியிலிருந்து ஒரே தபாலில் எனக்கு இரண்டு கடிதங்கள் வந்தன. ஒன்று என் பெரியண்ணன் எழுதியது. "நம் தங்கச்சி செண்பகத்துக்குப் புத்தி பேதலித்துவிட்டது. முப்பத்தெட்டு வயதில் மறுகல்யாணம் செய்துகொள்ளப் போகிறாளாம். மாப்பிள்ளை பஸ் டிரைவர். நம் ஆளும் இல்லை. நீ சொன்னால்தான் கேட்பாள், உடனே புறப்பட்டு வா" என்று இருந்தது. மற்றது சினிமாக் கொட்டகை மரியான் எழுதியது. "டாக்கி மிஷினில் சத்தம் வருகிற பாகம் எரிந்து போயிற்று. மதராஸிலிருந்து சாமான் வர ஒரு மாதமாகும். இது சங்கு குளிக்கிற காலம், ஊர் நிறையக் கூட்டம். உன்னிடம் இருக்கும் அந்த ஜெர்மன் ஊமைப் படத்தைத் தூக்கிக்கொண்டு வா. நீதான் கதை சொல்ல வேண்டும்."

ஆக, இரண்டு பேருக்கும் வேண்டியது என் வாய்! எனக்குப் பெருமை தாங்கவில்லை. கொழும்பில் ஜவுளிக் கடையில் நிற்கிறவன் நான். வேட்டி வாங்க வந்தவனுக்குச் சேலையும் சேர்த்துக் கட்டி அனுப்புகிற வாய் இது. செண்பகத்துக்கு ஒரு நாள், படத்துக்கு ஒரு நாள், மூன்றாம் நாள் கப்பல் என்று மனதுக்குள் திட்டம் போட்டுக்கொண்டு புறப்பட்டேன்.

படத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். இருபது வருஷத்துக்கு முன்பு, படங்கள் பேசத் தொடங்குவதற்கு முந்திய காலத்தில், மரியானின் அப்பா நடத்திய கொட்டகையில் நான் படம் சொல்லுகிறவனாக இருந்தேன். கையில் மூங்கில் குச்சியோடு திரைக்குப் பக்கத்தில் நின்று, இன்னார் கதாநாயகி, இன்னார் மாமனார், இப்போது இவள் ஏன் அழுகிறாள் என்று தொண்டை கிழியச் சொல்ல வேண்டும். படங்கள் தாங்களே பேசக் கற்றுக்கொண்டதும் என் தொழிலுக்கு வேலையில்லாமல் போயிற்று. அந்த ஜெர்மன் படப் பெட்டியை மட்டும் ஞாபகத்துக்கு எடுத்துக்கொண்டு கொழும்புக்குப் போய்விட்டேன்.

சனிக்கிழமை காலையில் துறைமுகத்தில் இறங்கினேன். உப்புக் காற்று முகத்தில் அறைந்தது. கொழும்பில் மழை காரணம் கேட்காமல் வரும். இங்கே வானம் வெளுத்த வேட்டி மாதிரி கிடக்கிறது. இறங்கிய கையோடு சாமான்களைச் சோதிக்கும் அதிகாரி என் தகரப் பெட்டியைத் திறந்துவிட்டார். யுத்தம் முடிந்து ஒரு வருஷத்துக்கு மேலாகியும் அவருக்குள் யுத்தம் முடியவில்லை.

"என்னவே இது, ஜெர்மன் எழுத்தால்லா இருக்கு? இதுக்குள்ள என்ன சேதி அனுப்புதாக?" என்றார்.

வாயில் பீடி. இந்தப் பிலிம் சுருள் இருக்கிறதே, வைக்கோல் படப்பை விட வேகமாகப் பற்றிக்கொள்ளும். "ஐயா, முதலில் பீடியைத் தூரப் போடுங்கள்! இல்லாவிட்டால் நீங்களும் நானும் சேர்ந்து மேலே போய்ச் சேருவோம்!" என்று கத்தினேன். அவர் பயந்து பீடியைக் கடலில் எறிந்துவிட்டு, சுருளை வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். ஈரத் தலைமயிரோடு வெள்ளை உடுத்திய ஒரு பெண்ணின் சின்னச் சின்னப் படங்கள்.

"யாரு இந்தம்மா?"

"வெள்ளைக்காரப் பேய், ஐயா. இருபது வருஷத்துக்கு முந்தி இந்த ஊரிலேயே..."

"அட, அந்தப் பேயா!" அவர் முகம் குழந்தை முகமாகிவிட்டது. "சின்னப் பிள்ளையில பாத்துட்டு மூணு நாளு காய்ச்சல்ல கிடந்தேன்வே! எங்கம்மை வேப்பிலை அடிச்சாக. கொண்டு போரும், கொண்டு போரும்!"

அந்தப் படத்துக்கு இந்த ஊர் வைத்த பெயர் அதுதான். கணவனை இழந்த ஒரு பெரிய வீட்டுப் பெண், கட்டுப்பாட்டை மீறிக் கலங்கரை விளக்குக்காரனைத் தேடிப் படகேறிப் போகிறாள். படகு கவிழ்கிறது. செத்துப் பேயாய் எழுந்து, வெள்ளை உடுத்திக்கொண்டு விளக்குக்காரன் முன்னால் வந்து நிற்கிறாள். நான் சொன்ன கதை அது. பதினைந்து நாள் கூட்டம் தாங்காமல் ஓடியது.

அண்ணன் வீடு மாறவே இல்லை, அண்ணனும் அப்படித்தான். துறைமுகத்தில் ஒரு கம்பெனியில் தலைமைக் குமாஸ்தா. தூத்துக்குடி வெயிலிலும் கறுப்புக் கோட்டைக் கழற்றாத மனிதர். குளிக்கும்போது கழற்றுகிறார் என்று மதினி சொல்லித்தான் நம்ப வேண்டியிருக்கிறது.

மத்தியானம் எனக்காகச் சொதி வைத்திருந்தார்கள். கொழும்பில் சொதி என்றால் இடியாப்பத்தின்மேல் விடுகிற தண்ணீர்ப் பால். இங்கே முருங்கைக்காயும் பாசிப்பருப்பும் போட்டு, இஞ்சித் துவையலோடு வருகிறது பாருங்கள், அதற்குப் பெயர் சொதி! ரேஷன் அரிசியில் பாதி கல்தான். ஆனாலும் மூன்று தரம் வாங்கிச் சாப்பிட்டேன். அண்ணன் மட்டும் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, பலகையைச் சுவரைப் பார்த்துப் போட்டு உட்கார்ந்து சாப்பிட்டார்.

"என்ன அண்ணே, நான் என்ன பாவம் செய்தேன்?" என்று கேட்டேன்.

மதினி மெல்லச் சொன்னாள்: "உங்களையில்ல தம்பி. மூணு வாரமா இப்படித்தான். பரிமாறுத செண்பகம் மொகத்தைப் பாக்கக் கூடாதாம்."

செண்பகம் வெள்ளைச் சேலையோடு குனிந்து அவருக்கு மோர் ஊற்றினாள். அவர் சுவரைப் பார்த்துக் குடித்தார்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் நான் கச்சேரியைத் தொடங்கினேன். செண்பகம் புறவாசலில் பனங்கிழங்கு அவித்துக்கொண்டிருந்தாள். அவளுக்குப் பதினாறில் கல்யாணம், பதினெட்டில் அது முடிந்து போயிற்று. அதன்பிறகு படித்து டீச்சரானாள். வேம்பாரில் வேலை. திங்கட்கிழமை பஸ்ஸில் போய் வெள்ளிக்கிழமை திரும்புவாள். இப்போது லீவு போட்டிருந்தாள்.

நான் வழக்கம்போல வயது, மானம், ஊர், உலகம் என்று வரிசையாக எடுத்துவிட்டேன். அவள் கிழங்கை உரித்து நாரெடுத்து எனக்குக் கொடுத்துக்கொண்டே கேட்டாள். எல்லாம் முடிந்ததும் சொன்னாள்:

"சின்னண்ணே, புதன்கிழமை ரிஜிஸ்தர் ஆபீசுல கையெழுத்து. நோட்டீசு ஒட்டி நாளாச்சு. மூணு சாட்சி வேணும். கொட்டகைக்கார அண்ணாச்சி வாரேன்னுட்டாரு. எங்க ஸ்கூல் பெரிய டீச்சரும் வாராக. மூணாவதா பெரியண்ணன் வரணும்."

"அவரா? நீ வாசலைத் தாண்டினால் கதவைச் சாத்திவிடுவேன் என்கிறாரே!"

"தெரியும். அவுக வராட்டாலும் போவேன். ஆனா வரணும். இந்த வீட்டுல நாலு பிள்ளையளக் குளிப்பாட்டி விட்டிருக்கேன். களவாணி மாரிப் போக எனக்கு மனசு வரல."

இங்கேதான் நான் என் பிரம்மாஸ்திரத்தை எடுத்தேன். "ஏட்டி, மறந்து போச்சா? எங்கள் கொட்டகையில் ஒரு வெள்ளைக்காரி படம் பார்த்தாயே. அவள் கதி என்ன ஆயிற்று?"

"என்ன ஆச்சு? நல்லாத்தானே இருந்தா!" என்றாள் அவள், ஆச்சரியத்தோடு. "தண்ணிக்குள்ள விழுந்து எந்திரிச்சு வந்தா. அவன் கையைக் குடுத்தான். படியேறிப் போனா."

"அடிப் பைத்தியமே, அது அவள் பேய்!"

"பேயா? யாரு சொன்னா?"

"நான்தான் சொன்னேன்! தொண்டை கிழியச் சொன்னேனே!"

"எங்களுக்கு ஒண்ணுமே கேக்கலியே, சின்னண்ணே. ஊருல பேய்ப் படம்னு பேசினது வேற படம்னுல்லா நெனச்சேன்."

எனக்கு அப்போதுதான் உறைத்தது. அந்தக் காலத்தில் எங்கள் கொட்டகையில் ஆண்கள் திரைக்கு முன்னால், பெண்கள் திரைக்குப் பின்னால். துணித் திரையைத் தண்ணீரால் நன்றாக நனைத்துவிட்டால் படம் அந்தப் பக்கமும் தெரியும். இடம் வலம் மாறித் தெரியும், அவ்வளவுதான். நான் ஆண்களைப் பார்த்துக் கத்தியதைக் கடற்காற்று வாரிக்கொண்டு போயிருக்கிறது. பின்னால் இருந்தவர்களுக்கு என் பேச்சு கிடைக்கவில்லை. அவர்கள் கண்ணால் கண்டதை மட்டும் கண்டிருக்கிறார்கள்.

செண்பகம் கிழங்குச் சட்டியைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "மொதல்லேர்ந்து கறுப்பு உடுத்திருந்தா. எல்லாரும் அவளை ஏசினாக. கடைசியில என்னைய மாரியே வெள்ளைச் சீலை கட்டிட்டு வந்தா. அப்பவும் அவன் கை குடுத்தான். வெள்ளைச் சீலைக்காரிக்கும் கை குடுப்பாக போலிருக்கேன்னு நெனச்சேன். அன்னைக்கு ராத்திரிதான் மூணு மாசத்துக்குப் பொறவு வயிறு நெறையச் சாப்பிட்டேன்."

கொழும்பு ஜவுளிக் கடையின் வாய் அடைத்துப் போன நாள் அது ஒன்றுதான்.

உண்மையை எழுதிவிடுகிறேன். படத்தோடு பம்பாயிலிருந்து வந்த இங்கிலீஷ்க் காகிதத்தில் கதை தெளிவாக இருந்தது. அந்த ஊரில் துக்கத்துக்குக் கறுப்பு. கல்யாணத்துக்குத்தான் வெள்ளை. அந்தப் பெண் கறுப்பைக் கழற்றி எறிந்து, கல்யாண வெள்ளை உடுத்திக்கொண்டு போய், கவிழ்ந்த படகிலிருந்து நீந்திக் கரையேறி, தான் விரும்பியவன் கையைப் பிடிக்கிறாள். சுபம். முதல் நாள் காட்சியில் முன்வரிசையில் பெரியண்ணனும் ஊர்ப் பெரியவர்களும் உட்கார்ந்திருந்தார்கள். பின்பக்கம் என் தங்கை, புருஷனை இழந்து மூன்றே மாதமானவள். எனக்குப் பயம் வந்துவிட்டது. கரையேறிய கல்யாணப் பெண்ணை ஒரு நொடியில் பேயாக்கிவிட்டேன். பெரியவர்கள் தலையாட்டினார்கள், கூட்டம் அலறியது, நான் கெட்டிக்காரனானேன். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இந்த நுணல் கெட இருபது வருஷம் ஆயிற்று.

திங்கட்கிழமை வேம்பார் பஸ் ஏறினேன். டிரைவரைப் பார்க்கத்தான். ஆள் எப்படி என்று பார்ப்போம், சரியில்லையென்றால் நாலு வார்த்தையில் விரட்டிவிடுவோம் என்று நினைப்பு. யுத்தத்தில் வந்த கரி பஸ் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. பின்னால் ஒரு பெரிய தகர உலை. அதில் கரியைப் போட்டு எரித்து, அந்தப் புகையில் வண்டி ஓட வேண்டும். கொழும்பில் டிராம் வண்டியில் மணியடித்துப் போகிறவனுக்கு இது ரயில் எஞ்சினுக்கும் அடுப்புக்கும் பிறந்த பிள்ளை மாதிரி இருந்தது.

டிரைவர் பொன்னையா ஆறடி ஆள். மீசையிலும் கரி, சட்டையிலும் கரி. என்னைப் பார்த்ததும், "டீச்சர் அண்ணாச்சிதானே? மூக்கு அப்படியே இருக்கு. முன்னால உக்காருங்க" என்றார். விரட்ட வந்தவனுக்கு நல்ல இடம் கொடுத்துவிட்டார்.

வைப்பாறு தாண்டியதும் வண்டி இருமியது, தும்மியது, மணலில் நின்றுவிட்டது. எல்லோரும் இறங்கினோம். கீழக்கரைக்குப் போகிற காயல்பட்டினத்து மரைக்காயர் ஒருவர், தொப்பியைச் சரிசெய்துகொண்டு, "தள்ளுங்க தம்பி. கொழும்புக் காத்துக் குடிச்ச உடம்புதானே, சும்மா தள்ளுங்க. நானும் அங்கன இருந்து வந்தவன்தான்" என்று எனக்குப் பக்கத்தில் தோள் கொடுத்தார். தள்ளினோம். வண்டி நகர்ந்து மறுபடி நின்றது. பொன்னையா உலையைக் கிளறப் போனார். நானும் பின்னால் போய், கேட்க வந்ததைக் கேட்டேன்.

"ஏன்வே, ஊரில் உமக்கு வேறு பெண்ணே கிடைக்கவில்லையா?"

அவருக்குக் கோபம் வரவில்லை. கம்பியால் கரியைக் குத்திக்கொண்டே சொன்னார்: "ஆறு வருசமா இந்த வண்டியில வாராக. ஒரு வார்த்தை அதிகமாப் பேசினது கிடையாது. போன வருசம் இதே இடத்துல வண்டி நின்னு போச்சு. எல்லாரும் எறங்கி என்னைய ஏசிட்டு நின்னாக. டீச்சர் மட்டும் சீலையை இழுத்துச் செருகிட்டுத் தள்ள வந்துட்டாக. வெள்ளைச் சீலை பூராவும் கரி. வண்டி கெளம்பினதும் ஏற முடியாம நின்னாக. நான் கையைக் குடுத்து ஏத்திவிட்டேன்."

"சரி, அதற்கென்ன?"

"அதுக்கென்னன்னு எனக்கும் தெரியல அண்ணாச்சி. கையைப் பிடிச்சுட்டு என்னைய ஒரு மாரிப் பாத்தாக. ரொம்ப நாளாத் தெரிஞ்ச ஒரு ஆளைப் பாக்குத மாரி. ஏன் அப்படிப் பாத்தாகன்னு இன்னைக்கு வரைக்கும் அவுகளும் சொல்லல, நானும் கேக்கல. கேக்காமலே பிடிச்சுப் போச்சு."

எனக்குத் தெரிந்திருந்தது. அந்த மணல்வெளியில் எனக்கு மட்டும்தான் தெரிந்திருந்தது. நான் வண்டியின் பின்பக்கத்தைப் பிடித்துத் தள்ளினேன். வேம்பார் போய்ச் சேர்வதற்குள் மூன்று தடவை தள்ளினேன். அங்கே கருப்பட்டிக் காப்பி வாங்கிக் கொடுத்தார். காசு கொடுக்க என்னை விடவில்லை. திரும்பும்போது என் வெள்ளை ஜிப்பா பொன்னையாவின் சட்டைக்குத் தம்பி மாதிரி ஆகியிருந்தது.

செவ்வாய்க்கிழமை பகல் முழுக்க மரியானின் மாட்டுவண்டி தமுக்கடித்துக்கொண்டு ஊரைச் சுற்றியது: "வெள்ளைக்காரப் பேய்! இருபது வருசத்துக்குப் பொறவு மறுபடியும் வந்திருக்கு! இதயம் பலவீனமானவுக வராதீய!" நான் மரியானைத் தனியே அழைத்து, "பேய் இல்லை மரியான், இந்தத் தடவை உள்ளபடி சொல்லப் போகிறேன்" என்றேன். அவன் மக்ரூனைக் கடித்தபடியே நின்றுவிட்டான். (சீனி ரேஷனிலும் இந்த ஊர்க்காரர்கள் மக்ரூன் செய்வதை நிறுத்தவில்லை. வாயில் போட்டால் பஞ்சாய்க் கரைகிறது.)

"ஏலே, பேய்க்காகத்தான்லே கூட்டம் வருது! பேய் இல்லாட்டா கொட்டகையைப் பிச்சுப் போடுவானுவ. மாதாவே, என் பெஞ்செல்லாம் போச்சே!" என்று சிலுவை போட்டுக்கொண்டான். ஆனாலும், "வேண்டாம்" என்று அவன் சொல்லவில்லை. நாளைக்குச் சாட்சிக் கையெழுத்துப் போடப் போகிறவன் அல்லவா!

சாயங்காலம் விளக்கு வைத்ததும் கொட்டகை நிறைந்துவிட்டது. பாதிப் பேர் சங்கு குளிக்கிறவர்கள். உப்பில் வெளுத்த தலைமயிரோடு முன்னால் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். பெண்கள் இப்போதெல்லாம் திரைக்குப் பின்னால் இல்லை. மூங்கில் தடுப்புக்கு இந்தப் பக்கம் ஆண்கள், அந்தப் பக்கம் பெண்கள். செண்பகம் மதினியோடு இரண்டாம் வரிசையில் இருந்தாள். பெரியண்ணன் கறுப்புக் கோட்டோடு முதல் நாற்காலியில். "நல்லாச் சொல்லுலே, அவளுக்கு ஒறைக்கட்டும்" என்று எனக்குச் சொல்லிவிட்டுத்தான் உட்கார்ந்தார்.

படம் ஓடியது. பழைய குச்சி கையில் வந்ததும் எனக்கு இருபத்துநாலு வயதாகிவிட்டது. பெரிய வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் மருமகள் கறுப்பு உடையில் வந்து உட்காருகிறாள். மாமனார் நாற்காலியைத் திருப்பிப் போட்டுச் சுவரைப் பார்த்துச் சாப்பிடுகிறார். அந்த இடத்தில் மதினி சிரித்துவிட்டாள். அண்ணன் திரும்பிப் பார்த்தார். படத்தில் அந்தப் பெண் கடைத்தெருவில் நடக்க நடக்க, வீடு வீடாய் ஜன்னல்கள் சாத்திக்கொள்கின்றன. "ஊர் வாயை மூட உலைமூடி இல்லை, அதனால் ஊர் தன் ஜன்னலை மூடிக்கொண்டது!" என்றேன். கைதட்டினார்கள்.

"அண்ணாச்சி, பேய் எப்ப வரும்?" என்று முன்னாலிருந்து ஒரு குரல்.

படகு கவிழ்ந்தது. அலை. ஒன்றுமில்லாத தண்ணீர். பிறகு, கலங்கரை விளக்கின் படிக்கட்டில் ஒரு கை. வெள்ளை உடை சொட்டச் சொட்ட அவள் எழுந்து நின்றாள். "பேய்! பேய்!" என்று பிள்ளைகள் வீறிட்டன.

நான் குச்சியைக் கீழே போட்டேன். "பேய் இல்லை!" என்று கத்தினேன். கடற்காற்றையும் தாண்டிக் கத்தினேன். "இருபது வருஷத்துக்கு முன்பு இதே ஊரில் நான் சொன்னது பொய்! அவள் சாகவில்லை. நீந்திக் கரையேறிவிட்டாள். அவர்கள் ஊரில் கறுப்புத்தான் துக்கம். கழற்றி எறிந்தாளே, அதுதான் துக்கம். இப்போது உடுத்தியிருக்கிறாளே வெள்ளை, அது அந்த ஊரில் கல்யாணச் சேலை!"

திரையில் விளக்குக்காரன் கை கொடுத்தான். அவள் பிடித்துக்கொண்டாள்.

அப்புறம் பூகம்பம். "பேயைக் காட்டுலே!", "காசைத் திருப்பிக் குடுவே!" ஒரு வாழைப்பழத் தோல் என் காதோரம் பறந்தது. மரியான் பெஞ்சுகளுக்கு முன்னால் கையை விரித்துக்கொண்டு நின்றான். அப்போது முன்வரிசையில் நரைத்த சங்குகுளிகாரர் ஒருவர் எழுந்து கையைத் தூக்கினார்.

"ஏலே, சும்மா கெடங்கலே! நான் அன்னைக்கே சொன்னேம்லா, அவ சாகலன்னு! முங்குன எடத்துல மூச்சுக் கொப்புளம் வந்துச்சு. கொப்புளம் வந்தா உசுரு இருக்கு. நாப்பது வருசமா முங்குதேன், எனக்குத் தெரியாதா? யாரும் கேக்கலியே!"

அவ்வளவுதான். கூட்டம் என்னை விட்டுவிட்டுக் கொப்புளத்தைப் பிடித்துக்கொண்டது. வந்ததா வரவில்லையா என்று அவர்களுக்குள் சண்டை. கடைசிச் சுருளை மறுபடி போடச் சொல்லிப் பார்த்தார்கள். கொப்புளம் வந்தது. "வந்துச்சுலே!" என்று கொட்டகையே கூவியது. மரியானின் பெஞ்சுகள் பிழைத்தன. ஆனால் முதல் நாற்காலி காலியாக இருந்தது. பெரியண்ணன் எப்போது எழுந்து போனார் என்று நான் பார்க்கவில்லை. செண்பகம் மட்டும் எழாமல், வெறும் திரையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தாள்.

புதன்கிழமை காலையில் அண்ணன் வழக்கம்போலச் சுவரைப் பார்த்துப் பலகை போட்டு இட்லி சாப்பிட்டார். நானும் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட்டேன். மதினிதான் துணிந்தாள். பெட்டியிலிருந்து தன் அரக்குப் பட்டுச் சேலையை எடுத்து வந்து, அவர் காதில் விழும்படியாகவே, "செண்பகம், இதைக் கட்டிட்டுப் போளா. நல்ல காரியத்துக்கு வெள்ளையிலயா போவாக?" என்றாள்.

செண்பகம் அந்தப் பட்டைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு திருப்பிக் கொடுத்தாள்.

"வேண்டாம் மதினி. சின்னண்ணன் நேத்துச் சொன்னதைக் கேட்டிய இல்ல? நான் இருபது வருசமாக் கல்யாணச் சீலையிலதான் இருந்திருக்கேன். எனக்குத்தான் தெரியல."

மதினி வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு அழுதாள். எனக்கும் கண் நிறைந்துவிட்டது. அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை. அண்ணன் பாதி இட்லியோடு கை கழுவினார். கோட்டை மாட்டிக்கொண்டு, எங்களைப் பார்க்காமல் ஆபீசுக்குப் புறப்பட்டுப் போய்விட்டார்.

பதினோரு மணிக்கு ரிஜிஸ்தர் ஆபீஸ். பொன்னையா சோப்புப் போட்டுத் தேய்த்தும் நகத்தில் கரி போகவில்லை. மரியான் ஒரு டப்பா மக்ரூனோடு வந்திருந்தான். பெரியண்ணனுக்குப் பதிலாக நான் இரண்டாவது சாட்சி. வேம்பார்ப் பெரிய டீச்சரைக் காணோம். பன்னிரண்டு மணிக்கு அவரிடமிருந்து துண்டுக் காகிதம் வந்தது: திடீரென்று காய்ச்சலாம். எந்தக் காய்ச்சல் என்று எனக்குத் தெரியும். எனக்கும் ஒருமுறை முன்வரிசையைப் பார்த்து வந்த காய்ச்சல்தான்.

"மூணாவது சாட்சி இல்லாட்டா நடக்காது. அரை மணி நேரம் பாப்பேன்" என்றார் அதிகாரி. "வாசலில் மனு எழுதுகிறவரைப் பிடித்து வருகிறேன்" என்று நான் எழுந்தேன். செண்பகம் என் ஜிப்பாவைப் பிடித்து நிறுத்தினாள். "கொஞ்சம் பொறு, சின்னண்ணே" என்றாள். அவள் கண் வாசலிலேயே இருந்தது.

வாசலில் நிழல் விழுந்தது. பெரியண்ணன். வேகமாக நடந்து வந்திருக்க வேண்டும், மூச்சு வாங்கியது. படியில் ஒரு காலை வைத்தபடியே நின்றுவிட்டார். செண்பகத்தின் வெள்ளைச் சேலையைப் பார்த்தார். மூன்று வாரத்துக்குப் பிறகு அவள் முகத்தைப் பார்த்தார். அப்புறம் குனிந்து, தன் மார்பிலிருந்த கறுப்புக் கோட்டைப் பார்த்தார்.

"ஏலே, கறுப்புத்தானே துக்கம்னு சொன்னே?" என்று என்னிடம் கேட்டார்.

"ஆமாம் அண்ணே. அந்த ஊரில்."

"எந்த ஊரா இருந்தா என்னலே" என்று சொல்லிக்கொண்டே பட்டன்களை ஒவ்வொன்றாகக் கழற்றினார். தெருவில், நாலு பேர் பார்க்க, கோட்டில்லாமல் என் அண்ணனை நான் கண்டது அதுதான் முதல் தடவை. உள்ளே வெள்ளைச் சட்டை, முதுகெல்லாம் வேர்வை. கோட்டை என் கையில் திணித்துவிட்டு, செண்பகத்தைத் தாண்டி மேஜைக்குப் போனார்.

"எங்கன போடணும் கையெழுத்து?" என்று அதிகாரியிடம் கேட்டார்.